சுட்ட பொடி

எக்ஸ்ரே படத்தை விளக்குப் பெட்டியில் செருகிவிட்டு டாக்டர் ஆதிரா கிட்டே குனிந்து பார்த்தார். பகவதிப்பெருமாளும் பார்த்தார். முப்பது வருஷம் பலசரக்குக் கடையில் உட்கார்ந்த கண்ணுக்கு அது கறுப்புத் துணியில் கசகசாவை இறைத்தது மாதிரி இருந்தது. இரண்டு நுரையீரலிலும் மேல்பாதி முழுக்கப் பொடிப்பொடியாக வெள்ளைப் புள்ளிகள். பக்கத்தில் அவருடைய அக்கா முத்தாரம்மாள், அந்தப் படம் வேறு யாருடையதோ என்பதுபோல, துணிப்பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். நாற்காலியில் ஒரு கடைச் சாக்கை நாலாக மடித்துப் போட்டு அதன்மேல்தான் உட்கார்ந்திருந்தாள். உடம்பில் சதை வற்றியதிலிருந்து இரும்பு நாற்காலி அவள் எலும்பில் இடித்தது. எங்கே போனாலும் அந்தச் சாக்கும் பையில் கூடப் போகும். அச்சடித்த பக்கத்தை உள்ளே வைத்து மடித்திருப்பாள். மை சேலையில் ஒட்டிவிடுமாம்.

"டிபி மருந்து ஆறு மாசம் கழிச்சாச்சு இல்லே?" என்றார் டாக்டர். திருநெல்வேலியில் படித்தவர். தமிழ் பேசுவார், ஆனால் அதில் பாதி திருவனந்தபுரம் கலந்திருக்கும்.

"ஒரு நாள்கூட விடல டாக்டர்."

"கபத்துல ஒருதடவைகூடக் கிருமி கண்டில்ல. மருந்து தின்னும் படம் மாறல, கூடியிருக்கு. அம்மாவுக்கு ஜோலி என்ன? கல் உடைக்கிறது, கிரானைட் அறுக்கிறது, அப்படி வல்லதும் செய்திருக்காங்களா?"

முத்தாரம்மாள் சிரித்தாள். சிரிப்பு இருமலாக மாறி, இருமல் அடங்க ஒரு நிமிஷம் ஆனது. "கல்லா? நான் எங்க போயி கல்லு உடைக்கேன். பொடி சலிப்பேன் மக்கா. தம்பி கடையில."

"எந்தப் பொடி?"

பகவதிப்பெருமாள் முந்திக்கொண்டார். "அரிசி பயறுல வண்டு விழாம இருக்கக் கலப்பாங்களே, அது. மண்ணுதான் டாக்டர், இயற்கையானது. தின்னாக்கூட ஒண்ணும் செய்யாது."

டாக்டர் விளக்கை அணைத்துவிட்டு உட்கார்ந்தார். "அந்த மண்ணு எனக்கு அறியும். தண்ணிப் பாசி செத்து, அதோட ஓடு அடியில படிஞ்சு உண்டாகிற மண்ணு. ஆனா அது எல்லாம் ஒண்ணு இல்ல கேட்டோ. வெட்டி எடுத்து, காயவச்சுப் பொடிச்சது ஒரு விதம். அதுல பெரிய குழப்பமில்ல. சூளையில போட்டுச் சுட்டது இன்னொரு விதம். சுட்டா அதோட குணமே மாறிப்போகும். அந்தத் தூசு உள்ளே போச்சுன்னா திரும்பி வராது. நுரையீரல் அதைச் சுத்தித் தழும்பு கட்டிக்கிட்டே போகும். உங்க கடையிலே எது?"

"பாக்கணும் டாக்டர்," என்றார் பகவதிப்பெருமாள். பார்க்கவேண்டியது ஒன்றுமில்லை. அவருக்குத் தெரியும்.

"புதன்கிழமை வரும்போது சாக்கைக் கொண்டு வாங்க. லேபிளோட. சுட்டதுன்னு எழுதியிருந்தா எனக்கு வேறொண்ணும் வேண்டாம், இன்ன தீனம்னு அப்பவே சொல்லிடலாம். அதில்லேன்னா ஊசி வச்சு நுரையீரல்லேருந்து ஒரு துண்டு எடுத்துப் பாக்கணும். அம்மா இருக்கிற இருப்புக்கு அது நல்லதில்ல. குத்தின இடத்துல காத்து கசிஞ்சா, எழுந்திரிக்கிறதே கஷ்டம். அதனாலதான் இவ்வளவு கேக்கறேன்." எழுதிக்கொண்டே கேட்டார்: "கடையில வேற யாராவது சலிக்கிறாங்களா?"

"இல்ல."

மனிதன் யோசித்துத்தான் பொய் சொல்கிறான் என்று யார் சொன்னார்கள்? தும்மல் மாதிரி வந்து விழுந்துவிட்டது அது. முத்தாரம்மாள் தம்பியின் முகத்தை ஒருமுறை பார்த்தாள். அனுஷா என்று ஒருத்தி தனக்குப் பதிலாக எட்டு மாதமாகக் கடையின் பின்னறையில் உட்கார்ந்து சலிக்கிறாள் என்று அவள் சொல்லவில்லை.

திருவனந்தபுரம் பழவங்காடியில் பிள்ளையார் கோயிலுக்குக் கூப்பிடு தூரத்தில் இருந்தது கடை. அவருடைய அப்பா நாஞ்சில் நாட்டிலிருந்து வந்து நாட்டு மருந்துக் கடையாகத் தொடங்கியது. பகவதிப்பெருமாள் காலத்தில் மருந்து பின்னுக்குப் போய், பருப்பும் மிளகும் முன்னுக்கு வந்தன. வண்டுப் பொடி அவருடைய சொந்த யோசனை. கடுதாசிப் பெட்டியில் விஷ மாத்திரை போட்டு அரிசிக்குள் வைப்பதற்குப் பயந்த சனங்களுக்கு, விஷமில்லாத ஒன்று வேண்டியிருந்தது. நீச்சல்குளம் உள்ள விடுதிகளுக்குச் சாமான் போடுகிற ராகேஷ்தான் அந்த மண்ணை முதலில் கொண்டுவந்து காட்டியவன். கிலோ கணக்கில் வாங்கி, சின்னப் பொட்டலமாகப் போட்டு விற்றார். நன்றாகப் போனது. ஒரே ஒரு குறை, அது சாம்பல் நிறமாக இருந்தது.

"என்ன பெருமாள், அடுப்புச் சாம்பலை அள்ளிக் குடுத்தாப்ல இருக்கே," என்றாள் ஸ்ரீவராகத்து ஜெயலக்ஷ்மி மாமி. "அரிசியில கலக்க மனசே வரலை போ."

மாமி ஒருத்தி சொன்னால் அக்ரஹாரம் முழுக்கச் சொன்ன மாதிரி. அடுத்த தடவை ராகேஷ் வந்தபோது பகவதிப்பெருமாள் விஷயத்தைச் சொன்னார். அவன் பைக் பெட்டியிலிருந்து ஒரு கவரை எடுத்து மேஜையில் கொட்டினான். பகவதிப்பெருமாள் விரலால் தொட்டுப் பார்த்தார். அப்படி ஒரு வெள்ளை. திருச்செந்தூரில் பன்னீர் இலையில் வைத்துக் கொடுக்கிற விபூதிகூட அவ்வளவு வெளுப்பில்லை.

"இது சுட்டது அண்ணாச்சி," என்றான் ராகேஷ். "ஆயிரம் டிகிரியில. குளத்துத் தண்ணி வடிகட்ட, பீர் வடிகட்ட, பெயின்ட்ல கலக்க, எல்லாத்துக்கும் இதுதான். ஆனா சுடாத பச்சைச் சரக்கு மாதிரி இல்ல. கையாளும்போது மாஸ்க் வைக்கணும்னு சாக்கிலேயே எழுதியிருக்கு, பின்னே."

அவன் சொன்னதில் பகவதிப்பெருமாள் காதில் விழுந்தது ஒரே வார்த்தைதான், சுட்டது. மருந்துக்கடைக்காரர் மகன். புடம் போட்டால் பாஷாணமும் மருந்தாகும் என்று கேட்டு வளர்ந்தவர். நெருப்பில் போய் வந்த பொருளில் தீட்டு நிற்காது, விஷம் நிற்காது, அழுக்கு நிற்காது. எருமுட்டையில் வைத்து ஒரு தரம் எரித்ததற்கே அந்த மதிப்பென்றால், ஆயிரம் டிகிரியில் எரித்ததற்குக் கேட்கவா வேண்டும்? மாஸ்க் எல்லாம் கம்பெனிக்காரன் கேஸுக்குப் பயந்து போடுகிறது என்று நினைத்துக்கொண்டார். வெளுத்ததெல்லாம் பால் என்று நம்புகிறவனை ஊரே பார்த்துச் சிரிக்கும். அவரைப் பார்த்து யாரும் சிரிக்கவில்லை, ஏனென்றால் ஊரும் அதைத்தான் நம்பியது. "இப்பப் பாரு, விபூதியாட்டமா இருக்கு," என்று மாமி இரண்டு பொட்டலம் கூடுதலாக வாங்கிப் போனாள்.

அந்த வருஷம்தான் முத்தாரம்மாள் பூதப்பாண்டியிலிருந்து வந்து சேர்ந்தாள். புருஷன் செத்து, பங்காளிகள் வீட்டை எடுத்துக்கொண்டு, ஒரு தகரப் பெட்டியோடு தம்பி வீட்டு வாசலில் வந்து நின்றாள். சும்மா உட்கார்ந்து சோறு தின்ன மாட்டேன் என்று பிடிவாதம். கடைக்குப் பின்னால் மருந்து இடித்த பழைய அறை ஒன்று இருந்தது. "பொட்டலம் போட்டுக் குடு எக்கா, அது போதும்," என்றார். நல்லதுதான் செய்தார். இன்றைக்கும் அதை நல்லது என்று சொல்லத்தான் அவர் மனம் தேடுகிறது.

பிறகு ஒன்று நடந்தது. வெள்ளைப் பொடி போட்ட பயற்றில் வண்டு சாகவில்லை. சாம்பல் பொடி கொன்ற மாதிரி இது கொல்லவில்லை. மூன்று பேர் திரும்பக் கொண்டுவந்து காட்டினார்கள். பழைய பொடிக்கே போயிருக்கலாம். அவருக்கு அது தோன்றவில்லை. பொடி மொரமொரப்பாக இருக்கிறது, அதனால்தான் ஒட்டவில்லை என்று முடிவு செய்தார். சூரணத்துக்கு அப்பா செய்கிற முறை கையில் இருந்தது, வஸ்திரகாயம். சட்டியின் வாயில் மெல்லிய வேட்டித்துணியைக் கட்டி, அதன்மேல் பொடியைப் போட்டு, விரல் நுனியால் தேய்த்துத் தேய்த்துச் சலிப்பது. கீழே விழுவது கண்மை மாதிரி நைசாக இருக்கும். "காத்துல பறந்துடும் எக்கா, ஃபேனைப் போடாத, சன்னலைச் சாத்திக்கோ," என்று சொல்லிக் கொடுத்ததும் அவர்தான். காலை பத்து மணியிலிருந்து சாயங்காலம் நாலு மணிவரை, ஆறரை வருஷம், சாத்திய அறையில் அவள் சலித்தாள். வெளியே வரும்போது புருவமும் கண்ணிமையும் வெளுத்திருக்கும். "நரைச்ச கிழவி வந்துட்டேன்," என்று அவளே கேலி செய்வாள்.

காலிச் சாக்குகளை அவள் மடித்து அடுக்கி வைப்பாள். முதல் சாக்கு காலியான அன்றைக்கே அதை நீட்டிக் காட்டிக் கேட்டாள். "இது என்ன படம் தம்பி? ஒரு தலை மூக்கைப் பொத்திக்கிட்டு நிக்கி?"

இங்கிலீஷ் எழுத்துக்குக் கீழே வட்டத்துக்குள் போட்டிருந்த படம். மூக்கும் வாயும் மூடிய மனிதத் தலை. பகவதிப்பெருமாள் எடைத்தட்டிலிருந்து நிமிராமலே பதில் சொன்னார். "சரக்கு கொஞ்சம் வாடை அடிக்கும்னு போட்டிருக்கான்."

"வாடை ஒண்ணும் இல்லியே," என்றாள் அவள், ஒரு பிடி எடுத்து முகர்ந்து பார்த்துவிட்டு.

ஆஸ்பத்திரியிலிருந்து ஆட்டோவில் திரும்பும்போது அவள் பையை மடியில் பிடித்தபடி வந்தாள். பேசினால் மூச்சு போதாது என்பதால் வார்த்தைகளைச் சேர்த்து வைத்துக்கொண்டு பேசுகிற பழக்கம் இப்போது வந்திருந்தது. அட்டக்குளங்கரை சிக்னலில் வண்டி நின்றபோது கேட்டாள்.

"அந்த வெள்ளைப் பொடியாலயா தம்பி?"

"இல்ல எக்கா. அது ஒண்ணும் செய்யாது."

"நம்ம பொடி சுட்டதுல்லா. நீதான் சொன்ன."

"அது வேற சுடுறது."

அவள் தலையை ஆட்டினாள். சிக்னல் விழுந்தது. "நீ சொன்னா செரி," என்றாள்.

அவள் சண்டை போட்டிருந்தால் தேவலை என்று இருந்தது அவருக்கு. மண்ணை வாரித் தூற்றியிருக்கலாம், பங்காளிகளைப் பற்றித் திட்டுவாளே அப்படித் திட்டியிருக்கலாம். இந்தச் 'செரி'யைத்தான் தாங்க முடியவில்லை.

திங்கட்கிழமை முழுக்க அவருக்கு வாதம் மனசுக்குள்தான் நடந்தது. சாக்கைக் கொண்டு போனால் என்ன ஆகும்? டாக்டர் எழுதுவார். எழுதினால் மேலே தெரியும். ஆபீஸர்கள் வருவார்கள். பத்தாயிரம் பொட்டலம் போயிருக்கும், அரிசியைக் கழுவித்தானே வைக்கிறார்கள், அவர்களுக்கு ஒன்றும் வராது. ஆனால் யார் அதைக் கேட்டுக்கொண்டு நிற்பார்கள்? பிள்ளையார் கோயில் முக்கில் நின்று ஊரே பேசும். கடை போகும். அது போகட்டும். அக்காவுக்கு வைத்தியம் ஏதாவது உண்டா என்றால் அதுவும் இல்லை, தழும்பு தழும்புதான் என்று டாக்டரே சொல்லிவிட்டார். உண்மையைச் சொல்வதால் ஒரு மூச்சுகூட அவளுக்குக் கூடப்போவதில்லை. இப்படி எல்லாவற்றையும் ஒழுங்காக அடுக்கிவிட்டு நிமிர்வார். உடனே ஊசி வந்து நிற்கும். சாக்கு போனால் ஊசி இல்லை. சாக்கு போகாவிட்டால் ஊசி. அதை எந்த வாதத்தாலும் நகர்த்த முடியவில்லை. அதற்கும் அடியில் ஒன்று இருந்தது, அவர் அதைத் தொடாமல் சுற்றிச் சுற்றி வந்தார். ஆபீஸருக்குப் பயந்தல்ல, ஊருக்குப் பயந்தல்ல. என் கையால் என் அக்காவைக் கொன்றேன் என்று ஒரு காகிதத்தில் எழுதி அதை இன்னொருத்தர் படிப்பதைப் பார்க்க அவருக்குத் தைரியம் இல்லை. அவ்வளவுதான்.

ராகேஷுக்குப் போன் செய்தார். "அந்தப் பழைய சாம்பல் கலர் ஒரு மூட்டை கெடைக்குமா டே?"

"இப்ப எதுக்கு அண்ணாச்சி? அதைக் கோழிப்பண்ணைக்காரங்கதானே மேடிப்பாங்க, வேற யாரும் வாங்குறதில்லியே."

"ஒரு கஸ்டமர் கேட்டாரு."

செவ்வாய்க்கிழமை மத்தியானம் மூட்டை வந்தது. திரும்பிப் போகும் வண்டியில் மிச்சமிருந்த வெள்ளை மூட்டைகளையும், அடுக்கி வைத்திருந்த காலிச் சாக்குகளையும் ஏற்றிவிட்டார். ஒவ்வொன்றாக எண்ணி, அறையின் மூலை முடுக்கெல்லாம் குனிந்து பார்த்து, ஒன்றுகூட மிச்சமில்லை என்று திருப்திப்பட்டுக்கொண்டார். ராகேஷ் ஏன் என்று கேட்கவில்லை. கேட்காததே அவனுக்குப் பாதி தெரியும் என்று சொன்னது.

அறையில் அனுஷா சட்டியும் துணியுமாக உட்கார்ந்திருந்தாள். மணக்காட்டிலிருந்து வருகிறவள், இரண்டு பிள்ளைகளின் தாய். மூக்கைச் சுற்றித் துப்பட்டாவைக் கட்டியிருந்தாள். துப்பட்டா வெளுத்திருந்தது.

"இனி சலிக்க வேண்டாம். சரக்கு மாத்தியாச்சு. பொட்டலம் மட்டும் போடு," என்றார்.

"நல்லதாப் போச்சு அண்ணாச்சி. இது தொண்டையில நின்னு கரகரங்குது. ராத்திரி படுத்தா சின்னவன் எழும்புற அளவுக்கு இருமல்." துப்பட்டாவை அவிழ்த்து உதறினாள். "அக்காவுக்கு இப்ப எப்படி? டாக்டர் என்ன சொன்னாங்க?"

நீயும் போய் ஒரு படம் எடுத்துப் பார் என்கிற வார்த்தை அவர் நாக்கு நுனிவரை வந்தது. எதற்கு என்று அவள் கேட்பாள். கேட்டால் சொல்ல வேண்டும். "குழப்பமில்ல, மருந்து மாத்துறாங்க," என்று சொல்லிவிட்டுப் போய் சன்னல்களைத் திறந்தார். ஏழு வருஷமாகச் சாத்தியிருந்த கொக்கி துருப்பிடித்து, சுத்தியலால் இரண்டு தட்டு தட்டிய பிறகுதான் கழன்றது.

புதன்கிழமை காலை அக்காவை வெளியே பெஞ்சில் உட்கார வைத்துவிட்டு அவர் மட்டும் உள்ளே போனார். ஆட்டோவிலிருந்து அந்தப் பெஞ்சுக்கு வர அவள் மூன்று இடத்தில் நின்றாள். கையிடுக்கில் இருந்த சாம்பல்பொடிச் சாக்கை மேஜையில் விரித்து வைத்தார். டாக்டர் ஆதிரா எழுத்து எழுத்தாகப் படித்தார்.

"இது சுட்டதில்ல," என்றார்.

"இல்ல டாக்டர்."

"எல்லா வருஷமும் இதுதானா? இடையில வேற ஒண்ணும் வாங்கல?"

"இதுதான்."

டாக்டர் படத்தை மறுபடி எடுத்து சன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். புருவம் சுருங்கியது. "படத்தைப் பாத்தா எனக்கு அப்படித் தோணல," என்றார், அவரிடம் சொல்வதுபோல் இல்லாமல். "செரி. நீங்க சொல்றதை நான் விசுவசிக்கணும். அப்ப ஊசிதான். நாளைக்கே அட்மிட் பண்ணலாம்." ஒரு தாளை எடுத்து நிரப்பத் தொடங்கினார். "அம்மாவை விளிங்க. இதுல நீங்க ஒப்பு போடணும். என்ன ஆபத்து இருக்குன்னு அதுல எழுதியிருக்கு, வாசிச்சுட்டுப் போடுங்க."

பகவதிப்பெருமாள் கதவைத் திறந்து கூப்பிட்டார். முத்தாரம்மாள் பெஞ்சைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள். எழுந்தவள் குனிந்து, தான் உட்கார்ந்திருந்த சாக்கை எடுத்தாள். அப்போதுதான் அவருக்கு அது கண்ணில் பட்டது. அறையின் மூலையெல்லாம் குனிந்து தேடியவர் அக்காவின் பையைத் தேடவில்லை. மூன்று வருஷமாக அவள் இடுப்புக்குக் கீழேயே இருந்ததனால் அது வெள்ளைப் பொடிச் சாக்கு என்பதே அவருக்கு மறந்துபோயிருந்தது.

அவள் சுவரைப் பிடித்துப் பிடித்து உள்ளே வந்தாள். நாற்காலியின் முன்னால் நின்று, மூச்சு வாங்கிக்கொண்டு, சாக்கை ஒரு உதறு உதறினாள். பிறகு நாலாக மடித்து இருக்கையில் போட்டாள். மடிப்பு மாறியிருந்தது. மை ஒட்டும் என்று இத்தனை நாள் உள்ளே வைத்த பக்கம் இன்றைக்கு மேலே இருந்தது. அந்த இங்கிலீஷ் எழுத்துகள் ஒவ்வொன்றும் அவருக்கு மனப்பாடம். அக்கா அவரைப் பார்க்கவில்லை. டாக்டரும் தாளிலிருந்து தலை நிமிரவில்லை. எக்கா, அதைத் திருப்பிப் போடு என்று சொல்ல வாய் எடுத்தார். டாக்டர், இங்கே பாருங்கள் என்று சொல்லவும் வாய் எடுத்தார். இரண்டில் எதற்கு வாயைத் திறந்தோம் என்று தெரியாமல் திறந்த வாயோடு நின்றார்.

முத்தாரம்மாள் உட்கார்ந்தாள். எழுத்தெல்லாம் சேலைக்குக் கீழே மறைந்தது. ஆள் மெலிந்துவிட்டதால் ஓரத்தில் ஒரு கையகலம் மட்டும் மறையாமல் இருந்தது. அதில் அந்த வட்டம், அந்த வட்டத்துக்குள் மூக்கையும் வாயையும் மூடிய தலை.

"என்ன காயிதம் தம்பி?"

"ஊசி வைக்க எக்கா."

"வலிக்குமா?"

அவர் கண் அந்த வட்டத்தைவிட்டு நகரவில்லை. டாக்டர் நிரப்பி முடித்த தாளைத் திருப்பி, பேனாவோடு அவர் பக்கம் தள்ளினார்.

"நீ சொன்னா செரி," என்றாள் முத்தாரம்மாள். அடுத்த வார்த்தைக்கு மூச்சு சேரும்வரை காத்திருந்தாள். "ஒப்பு போடு தம்பி. டாக்டரம்மா காத்திருக்கா."

பேனா அவர் விரல்களுக்கு நடுவே இருந்தது. சாக்கை உதறியபோது கிளம்பிய பொடி சன்னல் வெயிலில் மூன்று பேருக்கும் நடுவே, விபூதி வெளுப்பாக, கீழே இறங்காமல் நின்றுகொண்டிருந்தது.